பிரட்டுக்களமும் நிரலாளர் கூடமும்: ஊவாத் தோட்டங்களின் வேலை ஒழுங்கை முன்வைத்து ஒரு நோக்கு

மென்பொருளாக்கத் துறையில் கடந்த கால் நூற்றாண்டாகப் பெருவழக்குப் பெற்றுள்ள 'அஜைல்' என்னும் வேலைமுறையும், அதன் முன்னோடிகளுள் ஒன்றாகிய 'எக்ஸ்ட்ரீம் புரோகிராமிங்' என்னும் தீவிர நிரலாக்க முறையும் அமெரிக்க நாட்டுக் கணனிக் கூடங்களிற் பிறந்தவை. பதுளை மாவட்டத்துத் தேயிலை மலைகளுக்கும் இவற்றுக்கும் யாது தொடர்பு என்ற வினா எழுதல் இயல்பே. நேர்த்தொடர்பு எதுவும் இல்லை. ஆயினும் வேலையைச் சிறு கூறுகளாகப் பகுத்தல், நாள்தோறும் காலையிற் கூடுதல், செய்ததை அன்றன்றே அளந்து பதிதல் ஆகிய மூன்றும் ஊவாத் தோட்டங்களில் ஒரு நூற்றாண்டுக்கு மேலாக நடைபெற்றுவந்தவை. பதுளையிலிருந்து இன்று நிரலாக்கம் கற்கும் மாணவன், தான் கற்கும் முறையில் எது பழையது, எது உண்மையிலேயே புதியது என்பதைப் பிரித்தறிய இவ்வொப்பீடு பயன்படும்.

முதலில் நிரலாளர் பக்கத்தை நோக்குவோம். பெரிய மென்பொருள்களை ஆக்குவோர் நெடுங்காலமாகத் தேவைகளை முழுவதும் எழுதி முடித்து, பின் வடிவமைத்து, பின் நிரல் எழுதி, இறுதியிற் சோதிக்கும் ஒழுங்கையே பின்பற்றினர். நீர் வீழ்ச்சி போலப் படிப்படியாக இறங்கும் இவ்வொழுங்குக்கு மூலமாக வின்ஸ்ரன் றோய்ஸ் 1970இல் எழுதிய கட்டுரையைக் காட்டுவது வழக்கம். அக்கட்டுரையில் றோய்ஸ் அவ்வொழுங்கை வரைந்து காட்டியபின், அதனை அப்படியே கைக்கொள்வது ஆபத்தானது என்றே எழுதியுள்ளார். மேற்கோள் காட்டியோரிற் பலர் படத்தோடு நின்றுவிட்டனர் போலும்.

இவ்வொழுங்குக்கு மாறான முயற்சிகளுள் குறிப்பிடத்தக்கது கிறைஸ்லர் மோட்டார் நிறுவனத்தில் நடைபெற்றது. ஏறத்தாழ 87,000 ஊழியரின் சம்பளத்தைக் கணிக்கவல்ல ஒரே நிரற்றொகுதியை ஆக்குவது அதன் நோக்கம். வேலை இடர்ப்பட்டு நின்ற நிலையில், 1996இல் கென்ற் பெக் அழைக்கப்பட்டார். றொன் ஜெப்றீஸ் அவருடன் இணைந்தார். இருவர் ஒரே கணனி முன் அமர்ந்து நிரல் எழுதுதல், நிரலுக்கு முன்னரே அதற்குரிய சோதனையை எழுதுதல், சிறு சிறு பகுதிகளாக வெளியிடுதல், பயனாளர் ஒருவரைக் குழுவுடனேயே இருத்துதல், வாரத்துக்கு 40 மணித்தியாலத்துக்கு மேற் பணிபுரியாதிருத்தல் முதலிய நடைமுறைகள் அங்கே ஒருங்குசேர்ந்தன. 1997இல் ஏறத்தாழ 10,000 பேரின் சம்பளம் இத்தொகுதியின் வழியாகக் கணிக்கப்பட்டது. 1999இல் பெக் இம்முறையைப் பன்னிரண்டு நடைமுறைகளாக வகுத்து நூலாக்கினார். ஆனால் கிறைஸ்லர் வேலை முழுமை பெறாமலே 2000 பெப்ரவரியிற் கைவிடப்பட்டது. இதனை மறைத்து இம்முறையின் புகழைப் பாடுவோர் வரலாற்றுக்கு நியாயம் செய்வோராகார். 2001 பெப்ரவரியில் யூற்றா மாநிலத்தின் சினோபேர்ட் என்னுமிடத்தில் பதினேழு பேர் கூடி வெளியிட்ட அறிக்கையினால் 'அஜைல்' என்னும் பெயர் நிலைபெற்றது.

இம்முறை ஒரு சம்பளப் பட்டியலிலிருந்து பிறந்தது என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது. ஊவாத் தோட்டங்களின் வேலை ஒழுங்கு முழுவதும் சுற்றிச் சுழன்றதும் ஒரு சம்பளப் பட்டியலையே. தோட்டத்து வழக்கில் அது 'செக்றோல்'.

செக்றோலுக்கு வருமுன், மாற்றத்துக்கு முகங்கொடுத்தல் என்ற வகையில் ஊவா கண்ட பேரிழப்பு ஒன்றைக் கூறுதல் வேண்டும். இலங்கையின் கோப்பிப் பயிரை அழித்த இலைநோய் முதன்முதல் அறியப்பட்டது மடுல்சீமைப் பகுதியிலே, 1869இல். மலைநாடு முழுவதையும் ஒரே பயிரின்மேல் வகுத்திருந்த திட்டம் அடுத்த இரு தசாப்தங்களுள் தகர்ந்தது. எனினும், நோய் தோன்றுவதற்கு ஈராண்டு முன்னரே, 1867இல், கண்டிப் பகுதியின் லூல்கந்துரைத் தோட்டத்தில் ஜேம்ஸ் ரெயிலர் 19 ஏக்கரில் தேயிலையை நட்டிருந்தார். முழுத் தோட்டத்தையும் பணயம் வையாது சிறு நிலத்திற் செய்து பார்த்த அம்முயற்சியே பின்னர் துரைமாருக்கு வழியாயிற்று. இந்நாளைய நிரலாளர் 'சிறு வெளியீடு' என்று கூறுவதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு தேடவேண்டியதில்லை. ஆனால் கோப்பி அழிந்த காலத்திற் பட்டினி கிடந்தவர் துரைமாரல்லர். ஊதிய நிலுவையைப் பெறாமலே தோட்டம் விட்டுத் தோட்டம் அலைந்த கூலித் தொழிலாளரே. மாற்றத்தை வரவேற்கவேண்டும் என்று எழுதுவோர், மாற்றத்தின் செலவை ஏற்பவர் யார் என்பதையும் சேர்த்து எழுதுதல் நன்று.

தேயிலை கோப்பியைப்போல் ஆண்டுக்கொரு பருவத்தில் அறுவடையாகும் பயிரன்று. ஒரு மலையிற் கொழுந்தெடுத்தால் ஏறத்தாழ ஒரு வாரத்தில் மீண்டும் அம்மலைக்கு வரவேண்டும். மழை மிகுந்தால் சுற்று குறுகும், வரட்சியில் நீளும். யூலை முதல் செப்டெம்பர் வரை ஊவாவில் வீசும் வரண்ட காற்றே அம்மாகாணத் தேயிலைக்கு உலகச் சந்தையிற் பெயர்பெற்ற தனி மணத்தைத் தருவது. அக்காலத்தில் கொழுந்தின் அளவு குறைந்து தரம் உயரும். ஆகவே ஆண்டுத் தொடக்கத்தில் எழுதிய திட்டம் ஒன்றைக் கொண்டு எந்தத் தோட்டமும் நடைபெற இயலாது. எந்த மலைக்கு எத்தனை பேர், கொழுந்துக்கு எத்தனை, கவ்வாத்துக்கு எத்தனை, கான்வெட்டுக்கு எத்தனை என்பது நாள்தோறும் தீர்மானிக்கப்படவேண்டியதாயிற்று.

அத்தீர்மானம் அறிவிக்கப்பட்ட இடமே பிரட்டுக்களம். பிரட்டு என்பது 'பரேட்' என்னும் ஆங்கிலச் சொல்லின் திரிபென்பர். விடியுமுன் தப்பொலி கேட்டு எழுந்து, லயத்திலிருந்து இறங்கிவந்த தொழிலாளர் அங்கே அணிவகுத்து நின்றனர். கணக்கப்பிள்ளை தலைகளை எண்ணினார்; துரையோ கண்டக்டரோ மலைகளைப் பங்கிட்டார்; கங்காணிமார் தத்தம் ஆட்களை அழைத்துச் சென்றனர். பிந்தி வந்தவர் திருப்பி அனுப்பப்படுவதும் உண்டு. சில நிமிடங்களில் நூற்றுக்கணக்கானோரின் ஒரு நாள் வேலை ஒழுங்காகிவிடும். வினைத்திறன் என்ற அளவில் இதனைக் குறைகூற இயலாது.

அஜைல் குழுவினரும் காலையில் நின்றபடியே கூடுகின்றனர். பேச்சு நீளாதிருக்கவே அவர்கள் நிற்கின்றனர். பிரட்டுக்களத்திலோ இருக்கை என்ற எண்ணமே இருந்ததில்லை. இதனினும் முக்கியமான வேறுபாடு ஒன்றுண்டு. நிரலாளர் கூட்டத்தில் வேலை செய்பவன் பேசுகின்றான். நேற்று முடித்தது, இன்று செய்யவிருப்பது, தடையாய் நிற்பது ஆகியவற்றைத் தன் தோழருக்குக் கூறுகின்றான். பிரட்டுக்களத்தில் வேலை செய்பவள் கேட்டாள். எந்த மலையில் கொழுந்து முற்றிவிட்டது, எந்தச் சரிவில் மண் இளகியுள்ளது என்பன நாள் முழுவதும் அந்நிரைகளில் நின்றவளுக்குத் தெரிந்திருந்தன. அதனைச் சொல்லுமாறு அக்களத்தில் அவளைக் கேட்கும் ஒழுங்கு இருந்ததில்லை. கொழுந்தெடுப்போர் பெரும்பாலும் பெண்களாகவும் மேற்பார்ப்போர் பெரும்பாலும் ஆண்களாகவும் இருந்தமை இம்மௌனத்தை மேலும் இறுக்கிற்று.

அளவை முறையிலும் இவ்வேறுபாடு தெளிவாகின்றது. தோட்டத்தில் ஒரு நாட் சம்பளத்துக்குப் 'பேர்' என்பது வழக்கு. குறித்த அளவு கொழுந்து எடுத்தால் முழுப்பேர், குறைந்தால் அரைப்பேர். மேலதிகக் கொழுந்துக்குக் கிலோக் கணக்கிற் காசு. பேர் விழுந்ததா என்பதே மாலையில் லயங்களிற் கேட்கும் முதற் கேள்வி. ஒருவருடைய பேரே அவரது நாட்கூலிக்குப் பெயராயமைந்த இவ்வழக்கு தனியே ஆராயத்தக்கது. நிறுவையின்போது கூடைக்கும் ஈரத்துக்கும் எனக் கழிக்கப்பட்ட நிறை பற்றிய மனக்கசப்பு மலையகம் எங்கும் நிலவியது. அவ்வளவை நிர்ணயித்தவர் யார்? அதனை எடுப்பவர் அல்லர்.

தீவிர நிரலாக்கத்தில் இதற்கு நேர்மாறான விதி ஒன்றுண்டு. அதனை 'நேற்றைய வானிலை' என வேடிக்கையாக அழைப்பர். கடந்த சுற்றில் எவ்வளவு வேலை உண்மையில் முடிந்ததோ, அடுத்த சுற்றுக்கு அவ்வளவையே குழு ஏற்கும். இவ்வேலைக்கு எவ்வளவு காலம் செல்லும் என்பதை மதிப்பிடும் உரிமை அதனைச் செய்பவர்க்கே உரியது. எது முதலில் வேண்டும் என்று கூறும் உரிமை பயனாளர்க்கு உரியது. திட்டமிடுவோரையும் செய்வோரையும் பிரித்து வைத்தலே வினைத்திறனுக்கு வழி என்று பிரெடரிக் வின்ஸ்லோ ரெயிலர் 1911இல் எழுதியதற்கு இது மறுதலை. குறுகிய சுற்றும் காலைக் கூட்டமும் ஊவாவுக்குப் பழையன. இவ்வுரிமைதான் புதியது.

கற்றலைப் பொறுத்தவரை ஒற்றுமையே மிகுதி. இளம்பெண் ஒருத்தி இரண்டிலையும் மொட்டும் கிள்ளப் பழகியது வகுப்பறையிலன்று. தாயின் அல்லது மூத்த உறவினளின் நிரையருகே நின்றுதான். இருவர் ஒருங்கிருந்து நிரல் எழுதும் நடைமுறையும் அத்தகையதே. ஒருவர் கை செய்வதை மற்றவர் கண் திருத்துகின்றது. நிரல், நிரை என்னும் சொற்களும் தமிழில் உறவுடையனவே.

இவ்வொப்பீட்டுக்கு ஒரு தடை கூறப்படலாம். நிரலாளன் வேலை பிடிக்காவிடின் விலகிச் செல்லலாம். பழைய தோட்டத் தொழிலாளிக்கு அது இயலவில்லை. 1865ஆம் ஆண்டின் தொழிற் சட்டம் ஒப்பந்த மீறலைச் சிறைத்தண்டனைக்குரிய குற்றமாக்கிற்று. கங்காணியிடம் பட்ட கடன் 'துண்டு' என்னும் சீட்டில் எழுதப்பட்டு, கடன் தீராமல் வேறு தோட்டம் செல்ல வழியற்றிருந்தது. துண்டு முறை 1921இலேயே ஒழிக்கப்பட்டது. இத்தடை வலுவானதே. ஆயினும் அதன்பின் நிகழ்ந்தவற்றை நோக்குக. 1927இல் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் வந்தது. 1972இலும் 1975இலும் காணிச் சீர்திருத்தத்தால் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1984இல் ஆணுக்கும் பெண்ணுக்கும் சம கூலி கிடைத்தது. 1992இல் முகாமை 22 கம்பனிகளிடம் கையளிக்கப்பட்டது. துண்டும் தலைக்காசும் மறைந்தன, உடைமையாளர் மாறினர், பிரட்டுக்களத்திற் பேசுபவரும் கேட்பவரும் மாறவில்லை. எனவே அம்மௌனத்துக்குக் கடன் மாத்திரமே காரணமென்று கொள்ள இடமில்லை.

இலங்கையிற் குறுஞ்சுற்று மென்பொருளாக்கத்துக்கு நல்ல சான்று 2004 டிசெம்பர் 26ஆந் திகதி ஆழிப்பேரலையின்பின் உருவான 'சஹானா'. காணாமற்போனோரையும் முகாம்களையும் உதவி நிறுவனங்களையும் பதியும் இத்தொகுதியைத் தன்னார்வ நிரலாளர் அனர்த்தம் நிகழ்ந்த சில நாட்களிலேயே ஆக்கத் தொடங்கினர். தேவைகளை முழுதும் எழுதி முடிக்க அவகாசமே இருக்கவில்லை. 2006இல் கட்டற்ற மென்பொருள் நிறுவகத்தின் சமூகப் பயன் விருது அதற்குக் கிடைத்தது.

ஊவா வெல்லஸ்ஸப் பல்கலைக்கழகம் 2005இல் நிறுவப்பட்டது. பதுளையில் பசறை வீதியில் அமைந்த அவ்வளாகத்திற் கணனி விஞ்ஞானமும் தேயிலைத் தொழில்நுட்பமும் இரு பட்டநெறிகளாக அருகருகே இடம்பெற்றன. இவ்வயலுறவு வீண்போகாதிருக்க வழியுண்டு. தீவிர நிரலாக்கத்தைக் கற்கும் மாணவர் குழுவுக்குத் தோட்டச் செக்றோலையே பயிற்சியாகக் கொடுக்கலாம். பேர், அரைப்பேர், மேலதிகக் கிலோ, கைக்காசு, தீபாவளி முற்பணம், சங்கச் சந்தா ஆகிய யாவும் அடங்கிய அக்கணக்கு கிறைஸ்லர் கணக்குக்கு எளிமையிற் சளைத்ததன்று. சோதனையை முதலில் எழுதிப் பழக ஏற்றது.

அப்போது குழுவுடன் அமரவேண்டிய பயனாளர் யார் என்ற கேள்வி எழும். தோட்ட அலுவலகத்துக் கிளாக்கரை அமர்த்தினால் மாத முடிவிற் கூட்டுத்தொகை பொருந்துகின்றதா என்பது முதற் சோதனையாகும். கொழுந்தெடுப்பவளை அமர்த்தினால், காலை நிறுவையில் தராசு காட்டியது எத்தனை கிலோ, அதிற் கழிக்கப்பட்டது எத்தனை, கழித்ததற்குக் காரணமாக என்ன எழுதப்பட்டுள்ளது என்பனவே முதல் மூன்று சோதனைகளாயிருக்கும்.