பகடியை இயக்குதல்: ராம்பாலாவின் தொலைக்காட்சிப் பணியும் மலையகப் பார்வையாளரும்

தமிழ்த் தொலைக்காட்சி நகைச்சுவை குறித்து இதுவரை எழுதப்பட்டவற்றில் பெரும்பகுதி நடிகர்களின் வரலாறாகவே அமைந்துள்ளது. விஜய் தொலைக்காட்சியில் 2000களின் நடுவாண்டுகளில் ஒளிபரப்பாகி 2008இல் நிறைவுற்ற, திரைப்படங்களைப் பகடி செய்த ‘லொள்ளு சபா’, சந்தானம் திரையுலகுக்குள் நுழைந்த வாசலாகவும், சுவாமிநாதன், மனோகர், ஜீவா, சேஷு முதலியோர் அறிமுகம் பெற்ற களமாகவும் நினைவுகூரப்படுகிறதே தவிர, அதனை வாரந்தோறும் உருவாக்கிய இயக்குநர் ராம்பாலாவின் பணி தனியாக ஆராயப்படவில்லை. அந்நிகழ்ச்சியின் சிரிப்பு நடிகர்களின் தனித்திறனிலிருந்து மட்டும் பிறந்ததன்று, மூலப்படத்துக்கும் அதன் நகலுக்கும் இடையில் இயக்குநர் அளந்து வைத்த இடைவெளியிலிருந்தே முதன்மையாகப் பிறந்தது என்பதும், அதே அளவீடு அவருடைய திரைப்படங்களிலும் உருமாறித் தொடர்ந்தது என்பதும் இக்கட்டுரையின் வாதங்கள். சென்னையின் தெருக்களையும் அரசியலையும் அன்றாடம் அறியாத, ஆனால் தமிழ்த் திரைப்படத்தை நெருக்கமாக அறிந்த இலங்கை மலையகத்தின் அக்கரப்பத்தனை போன்ற தோட்டப்புறங்களின் பார்வையாளரை முன்னிறுத்தி நோக்கும்போது இவ்வாதம் மேலும் வலுப்பெறுகிறது.

முன்மரபு

சென்னையில் 1975 ஆகஸ்ட் 15 அன்று தூர்தர்ஷன் நிலையம் தொடங்கியபோது, தமிழ் நகைச்சுவை நாடகத்துக்கு ஏற்கெனவே வலுவான சபா மேடை இருந்தது. சோ, காத்தாடி ராமமூர்த்தி, எஸ். வி. சேகர், கிரேசி மோகன் ஆகியோரின் பெயர்களோடு அறியப்படும் அம்மேடை நாடகங்கள் பெரிதும் உரையாடலையே நம்பி நின்றன. ஒருவர் சொன்னதை மற்றவர் பிறழ உணர்வதாலும், சொற்கள் ஒன்றையொன்று துரத்திச் செல்லும் வேகத்தாலும் அவற்றில் சிரிப்பு எழுந்தது. இத்தகைய ஆக்கத்தில் படப்பிடிப்புக் கருவியின் கோணமோ காட்சியின் வெட்டோ பொருளை மாற்றுவதில்லை என்பதால், அவை தொலைக்காட்சிக்கு வந்தபோதும் நாடகாசிரியரே முதன்மை பெற்றார். இயக்குநர் நடிகர்களை ஒழுங்குபடுத்துபவராகவே கருதப்பட்டார்.

1993இல் சன் தொலைக்காட்சி தொடங்கி, அதனைத் தொடர்ந்து ராஜ், விஜய் முதலிய தனியார் அலைவரிசைகள் வளர்ந்தபோது ஒளிபரப்பு நேரத்தின் பெரும்பகுதியைத் திரைப்படமும் திரைப்படத்தைச் சார்ந்த நிகழ்ச்சிகளுமே நிரப்பின. பாடல், காட்சித் துணுக்கு, நடிகர் நேர்காணல், தரவரிசை எனத் திரைப்படம் துண்டு துண்டாக நாள்தோறும் வீட்டுக்குள் வந்தது. ஒரே காட்சியைப் பலமுறை பார்த்து, அதன் வசனத்தையும் பின்னணி இசையையும் மனத்தில் பதித்துக்கொண்ட ஒரு பார்வையாளர் திரளை இந்த ஒளிபரப்பே உருவாக்கியது எனலாம். லொள்ளு சபாவின் வரவுக்கு இத்திரளே முன்நிபந்தனை.

இடைவெளியின் அளவு

பகடி என்பது அறியப்பட்ட ஓர் ஆக்கத்தைப் போலச்செய்து, அப்போலச்செய்தலின் வழியாகவே அதன் பெருமிதத்தைக் குலைக்கும் கலைவடிவம். தனிமனிதரின் குரலையும் உடலசைவையும் நகல்செய்யும் பலகுரல் கலையிலிருந்து இது வேறுபட்டது. பலகுரல் கலைஞருக்கு ஒரு குரல் போதும், பகடி இயக்குநருக்கோ கதை, காட்சியமைப்பு, உடை, இசை, படத்தொகுப்பு ஆகிய அனைத்தையும் நகல்செய்ய வேண்டிய கட்டாயம் உண்டு. நகல் மூலத்தோடு முற்றும் ஒத்துவிட்டால் சிரிப்பு வராது. முற்றும் விலகிவிட்டாலோ எதனைப் பகடி செய்கிறார்கள் என்பதே புலப்படாது. எந்தக் கூறு ஒத்திருக்க வேண்டும், எந்தக் கூறு பிறழ வேண்டும் என்று தீர்மானிப்பதே இவ்வடிவத்தில் இயக்குநரின் தலையாய பணி.

லொள்ளு சபாவின் பெரும்பாலான பகுதிகள் மூலப்படத்தின் காட்சி வரிசையையும் கதைமாந்தர் அமைப்பையும் பின்பற்றின. பின்னணி இசை மூலத்தின் பெருமிதத்தை அப்படியே சுமந்து வந்தது. பிறழ்ந்தவை பொருள்வளமும் உடலும் ஆகும். திரைப்படத்தில் மாளிகையாக இருந்தது இங்கே ஒரு சாதாரண அறை. கூட்டமாக இருந்தது நான்கைந்து பேர். வீரனின் கம்பீரம் இருந்த இடத்தில் மனோகரின் விசித்திரமான கையசைவும் இழுபட்ட குரலும். செலவுக்குப் பணமில்லாத நிலையை மறைக்காமல், கதைமாந்தரே அதனைச் சுட்டிக்காட்டிக் கேலி செய்தார்கள். வார ஒளிபரப்பின் நெருக்கடியும் குறைந்த முதலீடும் எல்லாத் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்கும் பொதுவான குறைகளே. அக்குறைகளை மூலப்படத்தின் ஆடம்பரத்தின்மீதான விமரிசனமாக மாற்றியமைத்ததில்தான் ராம்பாலாவின் இயக்கக் கலை வெளிப்பட்டது. ஒரு கதாநாயகனின் அறிமுகக் காட்சி எளிய அறையொன்றில் அதே இசையோடு நிகழும்போது, அவ்வறிமுகத்தில் இசையையும் செலவையும் நீக்கினால் எஞ்சுவது என்ன என்ற கேள்வி பார்வையாளரிடத்தில் தானாகவே எழுகிறது.

இக்கேள்வி எல்லோருக்கும் உவப்பாக இருக்கவில்லை. 2007இல் ‘போக்கிரி’ படத்தைப் பகடி செய்தபோது நடிகர் விஜயின் ரசிகர்களிடமிருந்து எதிர்ப்பு கிளம்பியது. நடிகரைத் தனிப்பட இழிவுபடுத்தியதாக அவ்வெதிர்ப்பு கருதினாலும், பகடிக்கு இலக்கானது நாயக பிம்பத்தைக் கட்டியெழுப்பும் காட்சி முறையே ஆகும். அம்முறை எல்லா முன்னணி நடிகர்களுக்கும் பொதுவானது என்பதால்தான் ஒரே குழுவினர் வாரத்துக்கு ஒரு படமாகப் பலரது படங்களையும் ஒரே முறையில் கையாள முடிந்தது.

ஜெர்மானிய ஒப்பீடு

ராம்பாலாவைப் போலத் தொலைக்காட்சி நகைச்சுவை இயக்குநர் ஒருவர் திரைப்படத்துக்குச் செல்லும் பாதை ஜெர்மனியில் தெளிவாகப் பதிவாகியுள்ளது. லோரியோ என்ற புனைபெயரில் அறியப்பட்ட விக்கோ ஃபொன் பியூலோ (1923–2011) 1976 முதல் 1978 வரை வெளியான தமது தொலைக்காட்சித் தொடருக்குப் பின்னர் 1988இலும் 1991இலும் இரு திரைப்படங்களை எழுதி, இயக்கி, நடித்தார். இங்கு எடுத்துக்கொண்ட பொருளுக்கு இன்னும் நெருக்கமானவர் மிஷாயெல் ஹெர்பிக். 1997 முதல் 2002 வரை புரோசீபன் அலைவரிசையில் வெளிவந்த ‘புல்லிபராட’ என்ற அவருடைய நிகழ்ச்சி, ஒன்றோடொன்று தொடர்பற்ற குறுங்காட்சிகளாக அமைந்து, திரைப்படங்களையும் தொடர்களையும் பகடி செய்தது. அதில் இடம்பெற்ற செவ்விந்தியப் பகடியை விரித்து 2001இல் அவர் இயக்கிய ‘தெர் ஷூ டெஸ் மனிட்டு’ என்ற படத்தை ஜெர்மானியத் திரையரங்குகளில் ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் கண்டனர். கார்ல் மையின் கதைகளைத் தழுவி 1960களில் வெளிவந்த வின்னட்டு படங்களைத் தலைமுறை தலைமுறையாகத் தொலைக்காட்சியில் பார்த்துவந்த மக்கள் அந்நாட்டில் இருந்ததே இவ்வெற்றியின் அடிப்படை.

ராம்பாலாவுக்கும் ஹெர்பிக்குக்கும் உள்ள ஒற்றுமை வெளிப்படையானது, வேற்றுமையே ஆராயத்தக்கது. ஹெர்பிக் தம் நிகழ்ச்சியில் தாமே முதன்மை நடிகராகவும் விளங்கியதால் இயக்குநரின் பெயர் நிகழ்ச்சியின் பெயரோடு பிரிக்கவியலாதபடி இணைந்தது. ராம்பாலா படப்பிடிப்புக் கருவிக்குப் பின்னால் நின்றவர். அவர் உருவாக்கிய குழு திரைக்குச் சென்றபோது புகழும் அக்குழுவினரோடு சென்றது. சந்தானம் 2004இல் ‘மன்மதன்’ மூலம் திரையில் கவனம் பெற்று, பத்தாண்டுகளுக்குள் கதாநாயகராகவும் உயர்ந்தார். முழுநீளத் திரைப்படப் பகடி என்ற வடிவத்தை 2010இல் ‘தமிழ்ப் படம்’ வழியாகத் தமிழில் நிறுவியவரும் ராம்பாலா அல்லர், சி. எஸ். அமுதன் ஆவார். தொலைக்காட்சியில் ராம்பாலா பண்படுத்திய நிலத்தில் முதல் அறுவடையைப் பிறர் செய்தனர் என்று கூறுவது மிகையாகாது.

திரைப்படத்தில் தொடர்ந்த முறை

ராம்பாலா இயக்கிய ‘தில்லுக்கு துட்டு’ 2016இலும், அதன் இரண்டாம் பாகம் 2019இலும், ‘இடியட்’ 2022இலும் வெளிவந்தன. ‘முனி’ (2007), ‘காஞ்சனா’ (2011), ‘யாமிருக்க பயமே’, ‘அரண்மனை’ (இரண்டும் 2014) ஆகியவற்றுக்குப் பின்னர் பேய்ப்பட நகைச்சுவை வணிக வெற்றிக்கு உறுதியான வழியாக மாறியிருந்த காலம் அது. ஆகவே இப்படங்களைச் சந்தைப் போக்கின் விளைவுகள் என்று மட்டும் மதிப்பிடுவது எளிது. அவற்றின் கட்டமைப்பு அம்மதிப்பீட்டுக்கு முழுமையாக இடந்தருவதில்லை. முதற்படத்தில் நாயகியின் தந்தை, நாயகனை ஒழித்துக்கட்ட விரும்பி, ஒரு பங்களாவில் போலிப் பேய்களை ஏற்பாடு செய்கிறார். அங்கே மெய்ப்பேயும் இருப்பது ஏற்பாடு செய்தவர்களுக்குத் தெரிவதில்லை. எது நடிப்பு, எது மெய் என்ற குழப்பமே படத்தின் பிற்பாதியைச் செலுத்துகிறது. தொலைக்காட்சியில் மூலப்படத்துக்கும் அதன் மலிவான நகலுக்கும் இடையில் இருந்த உறவு இங்கே பேய்க்கும் பேய் வேடத்துக்கும் இடையிலான உறவாகக் கதைக்குள்ளேயே நுழைந்துவிட்டது. இரண்டாம் பாகத்தில், காதலைச் சொன்னவரைப் பேய் தாக்கும் என்ற ஒரே விதி தமிழ்த் திரைப்படத்தின் மிகப் பழகிப்போன காட்சியான காதல் அறிவிப்பை ஆபத்தான செயலாக மாற்றிக் கேலி செய்கிறது. மூன்றாம் படத்தின் நாயகராக ‘தமிழ்ப் படம்’ புகழ் சிவா அமைந்ததும் பகடி மரபின் இரு கிளைகள் ஒன்றுகூடியதைக் காட்டுகிறது. ஆயினும் இயக்குநரின் முறை அதில் முதலிரு படங்களின் அளவுக்குக் கூர்மை பெறவில்லை.

தோட்டப்புறத்திலிருந்து ஒரு சோதனை

ஒரு நகைச்சுவையின் ஆதாரம் எது என்பதை அறிய, அது பிறந்த சூழலுக்கு வெளியே அதனை வைத்துப் பார்ப்பது பயனுள்ள சோதனை. நுவரெலியா மாவட்டத்தின் அக்கரப்பத்தனையில், லயக் குடியிருப்புகளின் கூரைகளில் பொருத்தப்பட்ட டிஷ் அன்டெனாக்கள் வழியே சென்னை அலைவரிசைகளைப் பார்க்கும் ஒருவருக்கு மயிலாப்பூர்க் குடும்பப் பேச்சின் நுட்பமோ தமிழகக் கட்சி அரசியலின் உட்குறிப்போ தானாக விளங்கும் என்று எதிர்பார்க்க இயலாது. ஆயினும் இலங்கை வானொலி பல்லாண்டுகளாக ஒலிபரப்பிய பாடல்களின் வழியாகவும், நகரத் திரையரங்குகளின் வழியாகவும் தமிழ்த் திரைப்படம் மலையகத்தின் பொது நினைவாக வேரூன்றியிருக்கிறது. சென்னைப் பார்வையாளரும் தோட்டப்புறப் பார்வையாளரும் ஏறத்தாழச் சமமாகப் பகிரும் அறிவு இதுவே. லொள்ளு சபா கோருவதும் இவ்வறிவையே.

இலங்கைக்குள்ளேயே தோன்றிய நகைச்சுவையோடு ஒப்பிடின் இது துலங்கும். எஸ். ராமதாஸின் ஆக்கமாக வானொலியில் புகழ்பெற்று, 1976இல் ‘கோமாளிகள்’ என்ற திரைப்படமாகவும் உருப்பெற்ற ‘கோமாளிகள் கும்மாளம்’, இந்நாட்டில் வழங்கும் வெவ்வேறு சமூகத்தாரின் பேச்சுத் தமிழை ஒரே இடத்தில் மோதவிட்டுச் சிரிப்பை விளைவித்தது. அதனைச் சுவைக்க அம்மக்களோடு வாழ்ந்த அனுபவம் வேண்டும். ஆகவே அது இலங்கையின் எல்லைக்குள் மிக ஆழமாகவும், எல்லைக்கு அப்பால் குறைவாகவும் சென்றது. வட்டாரப் பேச்சை ஆதாரமாகக் கொண்ட நகைச்சுவைக்கும் பொதுத் திரை நினைவை ஆதாரமாகக் கொண்ட பகடிக்கும் உள்ள வேறுபாடு இதனால் புலனாகிறது.

பெருமிதத்தையும் கேலியையும் அருகருகே வைத்துப் பார்க்கும் பயிற்சியும் மலையகத்துக்குப் புதியதன்று. காமன் பொட்டலில் ஆடப்படும் காமன் கூத்தில் ரதியின் துயரமும் மன்மதனின் எரிப்பும் பக்தியோடு நிகழ்கையில், கோமாளி முதலிய வேடங்கள் இடையில் வந்து சிரிக்கவைப்பதை அம்மக்கள் முரணாகக் கருதுவதில்லை. தாம் போற்றும் நடிகரின் படத்தையே கேலியாகக் கண்டு சிரிக்கவும், பின்னர் அதே நடிகரின் புதிய படத்தை ஆர்வத்தோடு பார்க்கவும் இயலும் என்பதற்கு இம்மரபு ஒரு விளக்கம் தருகிறது.

மறுப்பும் மதிப்பீடும்

நடிகர்கள் மாறியிருந்தால் இதே இயக்கம் இதே சிரிப்பைத் தந்திருக்குமா என்ற மறுப்பு இங்கு எழக்கூடும். சுவாமிநாதனின் குரலும் மனோகரின் உடல்மொழியும் எளிதில் ஈடுசெய்யத்தக்கவை அல்ல என்பது உண்மையே. எனினும் சந்தானம் திரைப்படத்துக்குச் சென்ற பின்னரும் நிகழ்ச்சி சில ஆண்டுகள் தொடர்ந்ததும், அதே நடிகர்களில் பலர் பிற இயக்குநர்களின் படங்களில் சிறு வேடங்களுக்குள் அடங்கிப்போனதும், அவர்களை ஓர் அமைப்பாகப் பொருத்தி வைத்த கையின் பங்கை உறுதிசெய்கின்றன. அதே வேளையில் இம்முறைக்கு ஓர் எல்லையும் உண்டு: மூலப்படம் மறக்கப்படும்போது பகடியும் மங்கும். சமூக ஊடகங்களில் லொள்ளு சபாவின் காட்சிகள் இன்று மூலப்படத் தொடர்பை இழந்து, முகபாவனைகளாக மட்டும் உலவுவது இவ்வெல்லையைக் காட்டுகிறது.

தொலைக்காட்சி நகைச்சுவையை நடிகர் வரலாறாக மட்டும் எழுதும் வழக்கம் மாற வேண்டும். ராம்பாலாவைப் போன்ற இயக்குநர்களின் பணியை அத்தியாய வாரியாக, மூலப்படங்களோடு ஒப்பிட்டு ஆராய்வதும், இந்நிகழ்ச்சிகளைச் சென்னைக்கு வெளியே, குறிப்பாக இலங்கையின் தோட்டப்புறங்களில் பார்த்த மக்களின் நினைவுகளை வாய்மொழி வரலாறாகப் பதிவதும் தமிழ் ஊடக ஆய்வு உடனடியாக மேற்கொள்ள வேண்டிய இரு பணிகளாகும்.