பராநகரில் நால்வர்: 1959–63

சென்னையிலிருந்து ரயிலேறி வங்கம் வந்த மாணவர்கள், ஹௌராவை எட்டுமுன் கடைசியாகக் கடந்த ஊர்களுள் ஒன்று சாந்த்ராகாச்சி. அங்கிருந்து ஹூக்ளியைத் தாண்டிப் பராநகர் சென்றால், 1931இல் மகலனோபிஸ் நிறுவிய இந்தியப் புள்ளியியல் கழகம். 1959இல் சென்னை மாநிலக் கல்லூரியில் புள்ளியியல் ஆனர்ஸ் முடித்த எஸ். ஆர். எஸ். வரதன் அங்கே சேர்ந்தது கணிதத்துக்காக அன்று. தொழிற்சாலை உற்பத்தியின் தரக்கட்டுப்பாட்டைப் பயிலத்தான்.

சில மாதங்களில் மனம் மாறினார். மாற்றியவர்கள் அவரைவிடச் சற்றே மூத்த ஆய்வாளர்களான கே. ஆர். பார்த்தசாரதியும் ஆர். ரங்கா ராவும். வி. எஸ். வரதராஜன் அவர்களுக்கும் முன்னோடி. பேராசிரியர் சி. ஆர். ராவின் மேற்பார்வை இருந்தது; ஆனால் பாடம் பெரும்பாலும் ஒருவருக்கொருவர் நடத்திக்கொண்டதே.

அந்தப் பாடத்தின் கடுமை எத்தகையது? சார்பற்ற சிறுசிறு சமவாய்ப்பு மாறிகளைக் கூட்டினால் எத்தகைய பரவல் எல்லையாகக் கிடைக்கும் என்பதை, மெய்யெண்களைப் பொறுத்தவரை, கோல்மகோரவ் முதலானோர் முன்பே தீர்த்திருந்தனர். கூட்டப்படுபவை எண்களாக இல்லாமல் ஒரு குலத்தின் உறுப்புகளாக இருந்தால் என்னவாகும் என்பதே பராநகரில் எழுந்த கேள்வி. அதைத் தொடுவதற்கே அளவைக் கோட்பாடும் இடத்தியலும் ஃபூரியர் பகுப்பாய்வும் வேண்டும். புள்ளியியல் பட்டம் இவற்றில் எதையும் முழுதாகத் தந்திருக்கவில்லை. தேவைப்பட்டபோது தேவைப்பட்டதைக் கற்றனர். இன்றைய முன்தேவைப் பட்டியல்கள் இம்முறையை அனுமதிக்குமா என்பது ஐயமே.

பலன் விரைவிலேயே வந்தது. பார்த்தசாரதி, ரங்கா ராவ், வரதன் மூவரும் 1962இல் வெளியிட்ட கட்டுரை, இருவேறு பரவல்களின் கூட்டாகப் பிரிக்கவியலாத பரவல்கள் அரிதானவை அல்ல, இடத்தியல் நோக்கில் அவையே பெரும்பான்மை என்று காட்டியது. அடுத்த ஆண்டு வெளிவந்த கட்டுரை பரிமாற்றுக் குலங்களின் மீதான எல்லைப் பரவல்களை ஆராய்ந்தது.

1962இல் கோல்மகோரவே கழகத்துக்கு வந்தார். அவர் முன்னிலையில் வரதன் ஆற்றிய உரை நீண்டுவிட்டது, அவையினர் பொறுமையிழந்தனர். உரை முடிந்ததும் கோல்மகோரவ் கருத்துரைக்க எழுந்தார். அந்நேரம் பார்த்துச் சிலர் வெளியேற, அவர் சுண்ணக்கட்டியை எறிந்துவிட்டு அரங்கைவிட்டே நடந்தார். முனைவர் பட்டம் போயிற்று என்றே வரதன் அஞ்சினார். சினம் எழுந்து சென்றவர்கள்மீதுதான் என்பது பிறகே தெரிந்தது. கோல்மகோரவ் அந்த ஆய்வேட்டை மாஸ்கோவுக்கு எடுத்துச்சென்று படித்தார்; தேர்வாளராக உயர்வாக மதிப்பிட்டு அறிக்கையும் அனுப்பினார். 1963இல் பட்டம் கிடைத்தது. ஆபெல் பரிசு 2007இல்.