உள்வாயிலின் அகலம்

கோபுரங்களையும் தூண்களையும் பற்றி எழுதப்பெற்ற நூல்கள் பல. அறைக்கும் அறைக்கும் இடையே நிற்கும் சிறு கதவைப் பற்றி எழுதுவோர் அரியர். அக்கதவின் அகலத்தைக் குறித்தே இன்று உங்களோடு சிறிது பேச விரும்புகிறேன். அமெரிக்க நாட்டில் ஒரு காலத்தில், இன்னார் கல்லூரியில் பயிலலாம், இன்னார் பயில இயலாது என்பதையே அந்த அகலம் முடிவு செய்தது.

அந்நாட்டு வீடுகளில் உள்ளறைக் கதவுகள் பெரும்பாலும் 28 அல்லது 30 அங்குல அகலம் உடையவை. குளியலறைக் கதவு சிலவிடங்களில் 24 அங்குலமே இருக்கும். நடந்து வருபவர் நுழைவதற்கு அது போதும். நடக்க இயலாதவரை அந்தக் கணக்கில் யாரும் சேர்க்கவில்லை.

1921ஆம் ஆண்டில், தம் 39ஆம் வயதில், பிராங்கிளின் ரூஸ்வெல்ட் நோயுற்றுக் கால்களின் வலிமையை இழந்தார். அக்காலத்துச் சக்கர நாற்காலிகள் பருத்தவை. ஆகவே, கைகள் இல்லாத எளிய நாற்காலி ஒன்றிற்குச் சக்கரங்களைப் பொருத்திக்கொண்டார். அது குறுகிய வாயில்களிலும் புகுந்து சென்றது. பின்னாளில் ஹைடு பார்க்கில் தம் விருப்பப்படி ஒரு சிறு இல்லம் அமைத்தபோது, நிலைப்படிகளையே நீக்கிவிட்டார். நாட்டின் தலைவருக்கு அது கைகூடிற்று. ஏனையோர் என் செய்வர்?

இரண்டாம் உலகப் போர் முடிந்தபின் இக்கேள்வி பெரிதாயிற்று. போரில் ஊனமுற்ற இளைஞர் பலர் உயர்கல்வியை நாடினர். இல்லினாய் பல்கலைக்கழகம் 1948இல் கேல்ஸ்பர்க் நகரில், முன்னர்ப் படை மருத்துவமனையாக இருந்த இடத்தில், அவர்களுக்கு வகை செய்தது. பொறுப்பேற்றவர் தீமதி நூஜென்ட். அடுத்த ஆண்டே அவ்விடம் மூடப்படும் என்று அறிவிக்கப்பட்டது. மாணவர்கள் மாநிலத் தலைநகருக்கே சென்று முறையிட்டனர். இறுதியில் ஒரு சிலர் அர்பானாவிலிருந்த தலைமை வளாகத்திற்கு இடம் பெற்றனர். படிக்கட்டுகள் நிறைந்த பழைய கட்டடங்களில் சாய்தளங்கள் எழுந்தன. பிறர் தள்ளிச் செல்லுதல் ஆகாது, தம் கையாலேயே சக்கரத்தை உருட்டிச் செல்லவேண்டும் என்பது நூஜென்ட் விதித்த கண்டிப்பு. கடுமையான விதிதான்; ஆயினும், அதனாலன்றோ எந்த வாயில் தடுக்கிறது என்பது வெட்டவெளிச்சமாயிற்று!

நூஜென்ட் முன்னின்று நடத்திய ஆய்வின் பயனாக, 1961இல் அமெரிக்கத் தர அளவைக் கழகம் ஒரு விதித்தொகுப்பை வெளியிட்டது. ஆறே பக்கங்கள். விரித்த சக்கர நாற்காலியின் அகலம் 25 அங்குலம். வாயிலின் திறப்பு 32 அங்குலத்திற்குக் குறையலாகாது. மிகுதியான ஏழு அங்குலம் எதற்கு? சக்கரத்தை உருட்டும் கைகளும் வாயில் வழியே செல்லவேண்டுமே! மாணவர்கள் ஒன்றை நினைவிற்கொள்ள வேண்டும்: 32 அங்குலம் என்பது கதவைத் திறந்தபின் எஞ்சும் இடைவெளியாகும். திறந்த கதவின் கனமும் நிலையின் விளிம்பும் சிறிது இடத்தைக் கவர்ந்துகொள்ளும். ஆகையால், கதவை அதனினும் அகலமாகச் செய்தல் வேண்டும்.

தொடக்கத்தில் அவ்விதிகள் விரும்பியோர் மட்டும் ஏற்பனவாக இருந்தன. 1968இல் நடுவண் அரசின் கட்டடங்களுக்கும், 1990ஆம் ஆண்டுச் சட்டத்தால் கடை, உணவகம், திரையரங்கு முதலியவற்றிற்கும் இத்தகைய விதிகள் கட்டாயமாயின. அதே 32 அங்குலம் நிலைத்தது. தனியார் குடியிருக்கும் தனி வீடுகளை 1990ஆம் ஆண்டுச் சட்டம் தொடவில்லை. நூலகத்திலும் திரையரங்கிலும் தடையின்றி நுழைந்து திரும்பும் ஒருவர், தம் இல்லத்துக் குளியலறையின் 24 அங்குல வாயிலின்முன் இன்றும் நின்றுவிட நேர்கிறது.