செட்டியார் திரட்டிய படச்சுருள்கள்

வைப்பினிலும் மட்டாஞ்சேரியிலும் குடியேறி வாழும் நாம், உப்புக் காற்றும் இடவப்பாதி மழையும் பழைய நிழற்படங்களை எவ்வாறு அரிக்கும் என்பதை நன்கறிவோம். பாட்டனார் முகம் இருந்த இடத்தில் ஒரு மஞ்சட்கறையே எஞ்சும். அசையும் படச்சுருளுக்கு நேரும் கேடு இதனினும் பெரிது. நைட்ரேட்டுச் சுருள் எளிதில் தீப்பற்றும். பின்னர் வந்த அசிட்டேட்டுச் சுருளோ வெப்பத்தாலும் ஈரத்தாலும் சிதைந்து, காடி நெடி வீசிச் சுருங்கிவிடும்.

இத்தகைய சுருள்களைத் தேடி உலகைச் சுற்றிய தமிழர் ஒருவர் உண்டு. அவர் கோட்டையூரிற் பிறந்த ஏ. கே. செட்டியார். 1937 அக்டோபர் 2, காந்தியடிகளின் பிறந்த நாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் சென்ற கப்பலில், அடிகளின் வாழ்வைப் படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது 26 வயதுகூட நிரம்பவில்லை. கழிந்துபோன காலத்தை எவ்வாறு படம் பிடிப்பது? பிறர் முன்னரே பிடித்து வைத்தவற்றைத் திரட்டுவதே வழி. ஏறத்தாழ 30 ஆண்டுகளில் நூறு படப்பிடிப்பாளர்கள் எடுத்தவற்றை நாடி, நூறாயிரம் மைல் பயணம் செய்து, 50,000 அடி சுருளைச் சேர்த்தார். அதில் 12,000 அடியே, அதாவது இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மிகுந்த அளவே, 1940இல் தமிழ் விளக்கவுரையுடன் திரைக்கு வந்தது. தேடியவரின் உழைப்பு போற்றற்குரியது. எதை விடுவது என்று துணிந்தவரின் உள்ளவுறுதியும் அதற்குக் குறைந்ததன்று.

ஆனால் பிறர் சுருள்களைக் காத்தவரின் படமே பின்னர்க் காணாமற் போயிற்று! ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் தேடலில், 1953இல் அமெரிக்காவில் வெளியான சுருக்கமான ஆங்கில வடிவம் சான் பிரான்சிஸ்கோவின் பல்கலைக்கழகம் ஒன்றிற் கிடைத்தது. தமிழ் மூலமோ கிட்டவில்லை. தமிழில் எழுந்த படத்தை ஆங்கிலத்திற் கேட்க நேர்ந்தது நமக்குற்ற இழப்பே.

இக்கேரள மண்ணிலும் அத்தகைய கதையுண்டு. அகத்தீசுவரத்தைச் சேர்ந்த ஜே. சி. டேனியல் திருவனந்தபுரத்தில் எடுத்த முதல் மலையாளப் பேசாப்படமான ‘விகதகுமாரன்’ இன்று பார்க்கக் கிடையாது. 1933இன் ‘மார்த்தாண்ட வர்மா’ மட்டும், புனேயில் 1964இல் தோன்றிய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தைச் சேர்ந்து பிழைத்தது. திருவனந்தபுரத்துக்காரரான பி. கே. நாயர் அக்காப்பகத்தை வளர்த்த பெருந்தகை.

சுருள் பிழைத்தால் மட்டும் போதுமா? இடமும் ஆண்டும் குறிக்கப்படாத காட்சியை, பின்வரும் படக்காரர் வேறொரு நிகழ்ச்சியாகக் காட்டிவிடுவதும் உண்டு. பொய் சொல்லும் எண்ணமின்றியே பொய் பிறந்துவிடும்.

நம்மிற் சிலர் இல்லங்களில் திருமண, ஆண்டுவிழாச் சுருள்கள் இருக்கக்கூடும். பெட்டியைத் திறந்ததும் காடி நெடி வீசினால், அதனைப் பிற சுருள்களினின்று விலக்கிக் குளிர்ந்த, உலர்ந்த இடத்தில் வைத்தல் வேண்டும். ஆவலால் பழைய கருவியிலிட்டு ஓட்டிப் பார்த்தல் கூடாது. சுருங்கிய சுருள் பற்களிற் சிக்கிக் கிழிந்துவிடும். காட்சியில் தோன்றுவோரை அடையாளம் கூறவல்ல பெரியவர்கள் இன்று நம்முடன் இருக்கின்றனர். பெயரும் நாளும் கேட்டுப் பெட்டியின் மேல் இவ்வாரமே எழுதிவிடலாம்.