பெரியவிளானிலிருந்து டோக்கியோ வரை: எதிர்வீரசிங்கத்தின் விளையாட்டு வாழ்வு

1958 மே மாதக் கடைசி வாரத்தில் இலங்கையின் பல பகுதிகளில் இனக்கலவரத்தால் தமிழரின் வீடுகளும் கடைகளும் எரிந்துகொண்டிருந்தன. மே 27ஆம் திகதி அவசரகால நிலை பிரகடனப்படுத்தப்பட்டது. அதே நாள்களில் டோக்கியோவில் மூன்றாவது ஆசிய விளையாட்டு விழா நடந்தது. அதில் 2.03 மீற்றர் உயரம் பாய்ந்து தங்கம் வென்றவர் நாகலிங்கம் எதிர்வீரசிங்கம், யாழ்ப்பாணத்துப் பெரியவிளானைச் சேர்ந்த தமிழர். ஆசிய விளையாட்டு விழாவில் இலங்கைக்குக் கிடைத்த முதலாவது தங்கப் பதக்கம் அதுதான். இந்த இரண்டு செய்திகளையும் சேர்த்துப் படித்தால்தான் அந்தப் பதக்கத்தின் கனம் விளங்கும்.

எதிர்வீரசிங்கம் 1934 ஓகஸ்ட் 24இல் பிறந்தவர். படித்தது யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில். அன்றைய குடாநாட்டில் வீரர்களை வளர்த்தெடுக்கத் தேசிய மட்டத்தில் தனியான பயிற்சி நிலையம் எதுவும் இருக்கவில்லை. இருந்தவை பள்ளிக்கூட மைதானமும், மாலையில் அங்கே நிற்கும் ஆசிரியரும், ஆண்டுதோறும் நடக்கும் இல்ல மெய்வல்லுநர் போட்டியும். மத்திய கல்லூரியும் சென். ஜோன்ஸ் கல்லூரியும் 1904 முதல் ஆடிவரும் கிரிக்கெட் போட்டியைப் பற்றி நிறையப் பேசுகிறோம். தடகளத்தையும் இதே பள்ளி மரபே சுமந்தது என்பதை ஏனோ மறந்துவிடுகிறோம்.

1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் இலங்கைக்காகப் பாயச் சென்றபோது அவருக்குப் பதினெட்டு வயது நிறையவில்லை. அங்கே தங்கம் வென்ற அமெரிக்கர் வோல்ட் டேவிஸ் தாண்டிய உயரம் 2.04 மீற்றர். ஆறு ஆண்டுகள் கழித்து டோக்கியோவில் எதிர்வீரசிங்கம் தாண்டியது அதற்கு ஒரேயொரு சென்ரிமீற்றர் குறைவு. இதைச் சொல்லும்போது இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இடைப்பட்ட காலத்தில் உலகம் வேகமாக முன்னேறிவிட்டது. 1956இல் சார்ள்ஸ் டூமாஸ் 2.15 மீற்றர் தாண்டி ஏழடி எல்லையைக் கடந்த முதல் மனிதரானார். அதே ஆண்டு மெல்பேர்ன் ஒலிம்பிக்கிலும் 2.12 மீற்றர் பாய்ந்து தங்கம் வென்றார். எதிர்வீரசிங்கமும் மெல்பேர்னில் பாய்ந்தார். ஆசியாவில் முதலிடம், உலக அரங்கில் முன்வரிசைக்குச் சற்றுப் பின்னே என்பதே அவரைப் பற்றிய நேர்மையான மதிப்பீடு.

அன்றைய உயரம் பாய்தலின் சிரமத்தை இன்றைய இளைஞர் ஊகிப்பது கடினம். இப்போது பாய்பவர் முதுகு கீழாக வர, தடித்த நுரை மெத்தையில் விழுகிறார். டிக் பொஸ்பரி 1968இல் மெக்சிக்கோவில் காட்டி வென்ற முறை இது. 1950களில் விழுமிடம் பெரும்பாலும் மணல் அல்லது மரத்தூள். முதுகில் விழுந்தால் முள்ளந்தண்டுக்கு ஆபத்து. ஆகவே கோலைத் தாண்டும் கணத்திலேயே எந்தக் காலில், எந்தக் கையில் இறங்குவது என்று உடல் முடிவுசெய்ய வேண்டும். உயரத்தைக் கூட்டும் உத்திகளையெல்லாம் இறங்கும் இடம் கட்டுப்படுத்தியது. அப்படிப்பட்ட காலத்தில் ஆறடி எட்டங்குலம் பாய்ந்தவர் அவர்.

பள்ளி கண்டெடுத்த திறமையைப் பட்டை தீட்டியது கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் லொஸ் ஏஞ்சல்ஸ் வளாகம். எல்வின் டிரேக் அங்கே தடகளப் பயிற்றுநராக இருந்தார். பின்னாளில் ஒலிம்பிக் தங்கம் வென்ற டெகத்லன் வீரர் ராஃபர் ஜோன்சன் அதே வளாகத்து மாணவர். 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டு விழாவில் எதிர்வீரசிங்கம் வெள்ளி வென்றார்.

போட்டிக் களத்தை விட்ட பின்னர் அவர் கோர்னெல் பல்கலைக்கழகத்தில் கலாநிதிப் பட்டம் பெற்றார். சியரா லியோன் உள்ளிட்ட நாடுகளில் கற்பித்தார். 2002 போர்நிறுத்தத்துக்குப் பின்னர் வடக்கு, கிழக்கின் கல்வி, விளையாட்டு மேம்பாட்டுப் பணிகளிலும் உழைத்தார். 2024 ஏப்ரலில் காலமானார்.

அவர் வந்த வழி அடைபடவில்லை. தெல்லிப்பழை மகாஜனக் கல்லூரியிலிருந்து அனித்தா ஜெகதீஸ்வரனும் சாவகச்சேரி இந்துக் கல்லூரியிலிருந்து அருந்தவராசா புவிதரனும் கோலூன்றிப் பாய்தலில் தேசிய சாதனை படைத்தனர். இந்த இருவரையும் முதலில் இனங்கண்டதும் பள்ளிக்கூடங்கள்தான்.

ஆனால் அந்தப் பள்ளிக்கூடங்களின் விளையாட்டு வரலாற்றை முழுமையாக எழுத இன்று போதிய சான்றுகள் கைவசம் இல்லை. 1995 யாழ்ப்பாண இடப்பெயர்விலும் போரிலும் பல வீட்டு அலுமாரிகளும் பாடசாலைப் பெட்டிகளும் அழிந்தன. பழைய கல்லூரி மலர், இல்லப் போட்டி நிகழ்ச்சிநிரல், பரிசளிப்பு விழாப் படம் எது உங்கள் வீட்டில் இருந்தாலும், யாழ்ப்பாணத்திலோ ரொறன்ரோவிலோ இலண்டனிலோ இருந்தாலும், ஒரு பிரதி எடுத்து உங்கள் பாடசாலைக்கோ நூலக நிறுவனத்தின் மின்நூலகத்துக்கோ கொடுங்கள்.