சிங்காரவேலுவின் கரீபிய ஆய்வுகள்

சிங்காரவேலு, கரீபியத் தீவுகளில் குடியேறிய இந்தியர்களைப் பற்றிப் பிரெஞ்சு மொழியில் எழுதிய புவியியலாளர். பொர்தோ பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். பொதுவுடைமைத் தலைவர் ம. சிங்காரவேலர் வேறு. குவாதலூப் இந்தியரைப் பற்றிய இவருடைய நூல் 1975-இலும், கரீபிய இந்தியர் அனைவரையும் பற்றிய மூன்று தொகுதிகள் 1987-இலும் வெளிவந்தன.

பிரெஞ்சுக் குடியேற்றங்களில் 1848-இல் அடிமை முறை ஒழிந்தபின் கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிய ‘ஒரேலி’ கப்பல் 1853 மே மாதம் மர்தினிக்கையும், 1854 டிசம்பர் 24 அன்று குவாதலூப்பையும் அடைந்தது. 1880-களின் இறுதிக்குள் மர்தினிக்குக்கு ஏறத்தாழ 25,000 பேரும் குவாதலூப்புக்கு 42,000 பேரும் போனார்கள். புதுச்சேரி, காரைக்கால் வழியாகப் போன தமிழர்களே மிகுதி. டிரினிடாட், கயானா ஆகிய ஆங்கிலேயக் குடியேற்றங்களுக்கோ சென்னைத் துறைமுகத்திலும் ஆள் ஏற்றினார்கள். அந்தக் குடியேற்றங்களில் கல்கத்தாவிலிருந்து போன போஜ்புரிக்காரர்களுக்கு நடுவே ‘மதராசி’கள் சிறுபான்மையினர்.

புவியியலாளர் என்பதால் சிங்காரவேலு பண்பாட்டை நிலத்தோடு சேர்த்தே பார்க்கிறார். எந்தத் தோட்டத்தில் யார் தங்கினார், ஒப்பந்தம் முடிந்தபின் யாருக்கு நிலம் கிடைத்தது என்பவை அவருக்குச் சடங்குகளைப் போலவே முக்கியம். இந்த அணுகுமுறைதான் அவருடைய நூல்களின் பலம்.

பிரெஞ்சுத் தீவுகளில் தமிழ் அன்றாடப் பேச்சிலிருந்து மறைந்து கிரியோல் அந்த இடத்தைப் பிடித்தது. பிள்ளைகளுக்கு ஞானஸ்நானமும் நடந்தது. ஆனால் வழிபாடு விடவில்லை. மாரியம்மனுக்கும் மதுரைவீரனுக்கும் கிடா வெட்டிப் படைத்தார்கள், தப்பு அடித்தார்கள். பொருள் விளங்காத தமிழ்ப் பாட்டுகளைப் பூசாரிகள் மனப்பாடமாகவே பாடிக் காத்தார்கள். மர்தினிக்கில் அருள் வந்த பூசாரி கரும்பு வெட்டும் கத்தியின் கூர்விளிம்பின்மீது ஏறி நின்று குறி சொல்வார். நாகூர் ஆண்டவரும் இந்தத் தெய்வ வரிசையில் இடம்பெற்றதில் வியப்பில்லை. கடல் கடப்போர் வேண்டிக்கொள்ளும் அவரது தர்கா காரைக்காலுக்கு அருகில்தான் உள்ளது.

அடையாளப் போராட்டத்துக்கு அரசியல் முகமும் உண்டு. குவாதலூப்பில் பிறந்த இந்திய வம்சாவளியினருக்குக் குடியுரிமை கேட்டு என்றி சிதம்பரம் நீதிமன்றம் சென்றார். 1923-இல் அது கிடைத்தது.

சிங்காரவேலுவுக்குப் பின் மானிடவியலாளர் ழான் பெனுவா 1998-இல் வெளியிட்ட நூல், இந்தியப் பெருங்கடலிலுள்ள மஸ்கரீன் தீவுகளின் இந்து வழிபாட்டையும் கரீபிய வழிபாட்டையும் ஒருசேர ஆராய்கிறது.