சுண்டாத கஞ்சி

வடசென்னைப் பேச்சு வழக்குகளைத் தொகுத்த விழா மலர் ஒன்று அண்மையில் என் கைக்கு வந்தது. சோற்றைப் புளிக்கவைத்துப் பிழியும் மதுவான சுண்டக்கஞ்சிக்கு, சுண்டக் காய்ச்சிய கஞ்சி என்று ஒரே வரியில் தீர்ப்புச் சொல்லிவிட்டு, கட்டுரையாளர் அடுத்த சொல்லுக்குப் போய்விட்டார். என்னால் அவரோடு போக முடியவில்லை.

முதலில் இலக்கணம். ‘சுண்ட’ என்பது செயவென் எச்சம். அது வினையைத்தான் தழுவும். சுண்டக் காய்ச்சலாம், சுண்ட வைக்கலாம். கஞ்சியைத் தழுவ வேண்டுமானால் சுண்டிய கஞ்சி என்றோ, வினைத்தொகையில் சுண்டுகஞ்சி என்றோதான் வரவேண்டும். ஓடுகிற குதிரையை ‘ஓடக்குதிரை’ என்று எந்த ஊரில் சொல்கிறார்கள்? வத்தக்குழம்பைக் காட்டிச் சிலர் வாதாடுவார்கள். அது வற்றல் குழம்பு.

இனிப் பொருளுக்கு வருவோம். நாற்பது ஆண்டுக்கு முன் எண்ணூர் முகத்துவாரத்தருகே வலை பொத்திக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் எனக்குச் சுண்டக்கஞ்சிப் பானையைக் காட்டினார். வாயில் வேடு கட்டிய மண்பானை. பாதி மணலில் புதைந்திருந்தது. காதை வைத்துக் கேள் என்றார். மணலில் தூறல் விழுகிற மாதிரி உள்ளே ஓயாத சிறு சத்தம். துணியை அவிழ்த்ததும் புளித்த மணம் மூக்கில் ஏறியது. மேலே மிதந்த சோற்றைக் கையால் பிசைந்து, நீர் விட்டு, பழைய வேட்டித் துணியில் பிழிந்தார். அலுமினியக் குவளையில் மோர் நிறத்தில் இறங்கியது. பக்கத்தில் வறுத்த நெத்திலி. “இத எவ்வளவு நேரம் காய்ச்சுவீங்க?” என்று கேட்டேன். “காய்ச்சுறதா? இத்த அடுப்புல ஏத்துனா அல்லாம் பூடும் நைனா” என்று சிரித்தார். சோறு பொங்கியதோடு அடுப்பின் வேலை முடிந்துவிடுகிறது. அதன்பின் நீர் ஊற்றிப் பெருக்குகிறார்களே தவிர யாரும் வற்ற வைப்பதில்லை. மலர்க்காரர் பானைப் பக்கமே போனதில்லை போலும்.

வேறு ஊகங்களும் உண்டு. சுண்டைக்காய் வற்றலைத் தொட்டுக்கொண்டு குடித்ததால் வந்த பெயர் என்கிறார் ஒரு நண்பர். நெத்திலி இருக்கும் கடற்கரையில் சுண்டைக்காயை யார் தேடுவார்? சுண்டு என்பது ஓர் அளவு, யாழ்ப்பாணத்தில் அரிசியை இன்றும் சுண்டால் அளப்பார்கள், அதனால் அளந்து விற்ற கஞ்சி என்பார் இன்னொருவர். அப்படியானால் சுண்டுக்கஞ்சி என்றிருக்கும். மேலும், கள்ளும் சாராயமும் அளந்துதான் விற்றன.

சென்னைப் பேச்சில் சொல்லின் நடுவே ஐகாரம் நிற்காது. வெண்டைக்காய் வெண்டக்கா, வாழைக்காய் வாழக்கா. எனவே சுண்டக்கஞ்சியின் முழு வடிவம் சுண்டைக்கஞ்சி. இந்தச் சுண்டை காயன்று, மது. வடமொழியில் ‘சுண்டா’ என்பதற்கு மது, மதுக்கடை, யானைத் துதிக்கை என மூன்று பொருள். கதா கதையாகவும் சபா சபையாகவும் தமிழில் வந்தது போல, சுண்டா சுண்டையாகத்தான் வரும். மது விற்பவன் வடமொழியில் சௌண்டிகன். நம் நிகண்டுகள் கள் விற்போருக்குச் சொல்லும் பெயர்களில் துவசர், படுவர், பிழியர் ஆகியோரோடு சவுண்டிகரும் உண்டு. 1909இல் தென்னிந்தியச் சாதிகளைப் பற்றி ஏழு தொகுதி வெளியிட்ட தர்ஸ்டன், கஞ்சம் பகுதியில் மது விற்கும் சொண்டி என்ற பிரிவாரைக் குறிக்கிறார். கஞ்சம் 1936 வரை சென்னை மாகாணத்தில்தான் இருந்தது. தெலுங்கிலும் சோற்று மதுவுக்குச் சொண்டி என்று பெயர். அதைப் புளிக்கவைக்கும் பூசணம் ஒன்றுக்கு அறிவியலாரே ‘ரைசோபஸ் சொண்டி’ என்று பெயரிட்டிருக்கிறார்கள். கஞ்சத்திலிருந்து இராயபுரம் வரை ஒரே கரை, ஒரே கடல். சொல் வந்த வழிக்கு வேறென்ன சான்று வேண்டும்?

துதிக்கைப் பொருளை வைத்து, சாராயம் வடிக்கும், துதிக்கை போன்ற குழாயுள்ள வாலையிலிருந்து மதுவுக்கு இப்பெயர் வந்தது என்று தொல்லியலாளர் ஆல்சின் கருதினார். சாராயத்துக்கு அது பொருந்தலாம். நம் பானைக்கு வாலையே கிடையாது. பறவை அலகைத் தமிழில் சொண்டு என்கிறோமே, துதிக்கைச் சுண்டாவும் அந்த இனத்துச் சொல்தான் என்பது என் எண்ணம். அது தனிக் கட்டுரைக்கு உரியது.

கஞ்சி என்ற பிற்பாதியில் யாருக்கும் ஐயமில்லை. போர்ச்சுக்கீசியர் வாயில் ‘கான்ஜா’, ஆங்கிலேயர் வாயில் ‘காஞ்சி’ என்று உலகம் சுற்றிய சொல் அது. வடமொழியில் ‘காஞ்சிகம்’ என்றால் புளித்த கஞ்சி. நாம் காடி என்போம்.

பெயர் இரவல், பொருள் நம்முடையது. உருத்திரங்கண்ணனாரின் பெரும்பாணாற்றுப்படையில் 275ஆம் அடியை ஒட்டிய பகுதியைப் பாருங்கள். தீட்டாத அரிசியைக் களியாகத் துழாவி, அகன்ற பிழாவில் ஆற்றி, ‘நல்லடை’ கலந்து, இரண்டு பகலும் இரண்டு இரவும் சாடியில் விளையவிட்டு, விரலால் அலைத்துப் பிழிகிறார்கள். நல்லடை என்பது இடித்த நெல்முளை என்கிறார் நச்சினார்க்கினியர். அதன் தோற்றத்துக்குப் புலவர் சொல்லும் உவமை புற்றாஞ்சோறு. முளைவிட்ட நெல் பின்னிப் பிணைந்து கிடப்பதைக் கண்ணால் பார்த்தவர்தான் அப்படிச் சொல்ல முடியும். இதைச் செய்பவர்கள் வலைஞர். தொட்டுக்கொள்ளச் சுட்ட மீன். பாட்டுடைத் தலைவனோ காஞ்சியிலிருந்து தொண்டை நாட்டை ஆண்ட இளந்திரையன். எண்ணூரில் நான் கண்டதற்கும் இதற்கும் நல்லடை ஒன்றுதான் வேறுபாடு. அதன் இடத்தில் இப்போது கடை ஈஸ்ட்.

அப்பகுதியில் வெந்நீர் வருகிறதே, காய்ச்சினார்கள்தானே என்று மலர்க்காரர் துள்ளக்கூடும். வெந்நீர் சுண்டுநீர் ஆகாது. முளையிலுள்ள நொதி மாவுச்சத்தைச் சர்க்கரையாக்கச் சூடான நீர் வேண்டும். பார்லி முளையை வைத்துப் பீர் வடிப்பவரும் ஏறக்குறைய 65 பாகை வெந்நீரில்தான் தொடங்குகிறார்.

ஆம், அந்த வலைஞர் பிழிந்தது பீர்தான். முளைதானியமும் புளிப்பும் சேர்ந்தால் பீர். பார்லி இல்லாவிட்டால் என்ன? 1516இல் பவேரியர்கள் பார்லி, ஹாப்ஸ், நீர் தவிர வேறெதுவும் கூடாது என்று சட்டம் போட்டார்கள். அந்தச் சட்டத்தின் பேரப்பிள்ளைகள் அமெரிக்காவுக்குக் குடியேறியபோது, அங்கு விளைந்த ஆறு வரிசைப் பார்லியில் புரதம் மிகுந்து பீர் கலங்கியது. தெளிவுக்காக அரிசியும் மக்காச்சோளமும் கலந்தார்கள். 1876இல் செயின்ட் லூயிஸில் தொடங்கிய பட்வைசரில் இன்றைக்கும் அரிசி உண்டு. அங்கே 1920 முதல் 1933 வரை மதுவிலக்கு. இங்கே 1937இல் சேலத்தில் ராஜாஜி தொடங்கினார். அமெரிக்கா 1978இல் வீட்டில் பீர் வடிக்கச் சட்டத்திலேயே இடம் தந்தது. எங்கள் பானை இன்னும் மணலுக்குள் ஒளிந்துகொண்டிருக்கிறது.

‘பீர்’ என்ற சொல்லே சங்கத் தமிழ் என்று ஒரு கூட்டம் கிளம்பியிருக்கிறது. சங்கப் பாட்டில் பீர் என்றால் பீர்க்கு. அதன் மஞ்சள் பூ பசலைக்கு உவமை. தலைவி பிரிவில் வாடியவள், போதையில் அல்ல. மதுப் பீரோ பீப்பாயில் அடைபட்டு, மசூலா படகில் அலைகடந்து மதராஸ் கரையேறிய ஆங்கிலச் சொல். அந்தப் பீப்பாயும் போர்ச்சுக்கீசியம். பழம்பெருமை வேண்டுவோர் தோப்பியைக் கொண்டாடட்டும். அதே பெரும்பாணாற்றுப்படையில் வருவது அது. நெல்லால் செய்த கள் என்று உரையே சொல்கிறது. அகநானூற்றின் 35ஆம் பாட்டில் நடுகல்லுக்கும் அதைப் படைக்கிறார்கள். தோப்பில் இறக்கியதால் தோப்பி என்போருக்கு விடை சொல்ல என்னிடம் பொறுமையில்லை. நெல் எந்த மரத்தில் காய்க்கிறது?

தோப்பி வழக்கிலிருந்து போயிற்று. பிழி, அரியல் என்ற மதுப் பெயர்களும் போயின. நிகண்டு சொன்ன துவசரும் படுவரும் பிழியரும் ஏட்டோடு நின்றார்கள். சவுண்டிகர் மட்டும் காசிமேட்டுப் பானையில் பாதிப் பெயராய் ஊறிக் கிடக்கிறார். எந்த அகராதி ஏற்றாலும் ஏற்காவிட்டாலும் என் முடிபு இதுவே: அந்தக் கஞ்சியில் இருப்பது சுண்டை. அது ஒருநாளும் சுண்டியதில்லை.